‘இமேஜினல் டிஸ்க்’ என்றால் கற்பனை வட்டா?

கேள்வி: பூச்சிகளின் உருமாற்றம் பற்றிய ஒரு பாடக்குறிப்பில் ‘கற்பனை வட்டுகள்’ என்று ஒரு சொல் வந்தது. இமேஜினல் டிஸ்க் என்பதன் தமிழாக்கமாம். வாட்ஸ்அப்பில் வந்த ஒரு தன்னம்பிக்கைப் பேச்சிலோ, கம்பளிப்புழுவுக்குள் ‘கனவு காணும் இமேஜினல் செல்கள்’ இருப்பதாகச் சொல்கிறார்கள். இப்படி ஓர் உறுப்பு நிஜமாகவே உண்டா? இந்தச் சொல்லை எங்கே, எப்படிப் பயன்படுத்துவது?

பதில்:

நிஜமாகவே உண்டு. இடுக்கியால் பிடித்து வெளியே எடுத்து, சாயம் ஏற்றி, கண்ணாடித் தகட்டில் வைத்துப் பார்க்கக்கூடிய உறுப்பு அது. பழ ஈ ஆய்வகத்தில் இருந்த நாட்களில் தினமும் இருபது முப்பது எடுத்திருக்கிறேன். கற்பனைக்கும் அதற்கும் எந்த ஒட்டும் இல்லை. ‘இமேஜினல்’ என்ற சொல்லைப் பார்த்ததும் ‘இமேஜினேஷன்’ நினைவுக்கு வந்து, மொழிபெயர்த்தவர் ‘கற்பனை’ என்று எழுதிவிட்டார். தப்பு அங்கேதான் நடந்திருக்கிறது.

பூச்சியின் வாழ்க்கைப் பருவங்களுக்கு, உயிரினங்களுக்குப் பெயரிடும் முறையை வகுத்த லின்னேயஸ் லத்தீனில் வைத்த பெயர்களை வரிசையாகப் பார்த்தால் விஷயம் விளங்கும். லார்வா என்றால் முகமூடி. பேய் என்றும் ஒரு பொருள் உண்டு. பூப்பா என்றால் பொம்மை. இமாகோ என்றால் உருவம், சாயல். புழுவாகத் திரியும்போது பூச்சி முகமூடி போட்டிருக்கிறது, இறக்கை முளைத்து வரும்போதுதான் தன் உருவத்தைக் காட்டுகிறது என்பது அவர் எண்ணம். ஆக, இமாகோ என்பது வளர்ந்து முடிந்த பூச்சி. அதற்குரியது எதுவோ அது ‘இமேஜினல்’. கற்பனையைக் குறிக்கும் சொல்லும் அதே வேரிலிருந்து வந்ததுதான். தமிழிலும் ‘உரு’ என்ற ஒரே வேரிலிருந்து உருவமும் வருகிறது, உருவகமும் வருகிறது. அதற்காக ஒருவர் ‘உருவம்’ என்று எழுதியதை உருவகம் என்று யாரும் படிப்பதில்லை.

இனி உறுப்புக்கு வருவோம். இதைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி ட்ரோசோபிலா மெலனோகாஸ்டரிடமிருந்து வந்தது. வீட்டில் வாழைப்பழம் கனிந்து கறுத்தால் மேலே மொய்க்குமே, அந்தக் குட்டி ஈக்களின் கூட்டம். (மாம்பழத்தைக் குத்தி முட்டையிட்டு விவசாயியை அழவைக்கும் ‘பழ ஈ’ வேறு; அது பாக்ட்ரோசெரா இனம். இரண்டுக்கும் ஒரே பெயர் வைத்துக் குழப்பிக்கொள்கிறோம்.) 25 டிகிரி வெப்பத்தில் ட்ரோசோபிலா முட்டை ஈயாக மாறப் பத்து நாள் போதும். முட்டைக்குள் கரு உருவாகும் அந்த முதல் நாளிலேயே சில செல்கள் கூட்டத்திலிருந்து பிரிந்து உள்பக்கமாக மடங்கிப் பை போல ஒதுங்கிக்கொள்கின்றன. புழு நெளிவதிலும் தின்பதிலும் கொழுப்பதிலும் அவற்றுக்குப் பங்கில்லை. பின்னால் வரப்போகும் ஈயின் கண், கால், இறக்கை எல்லாம் அவற்றிலிருந்துதான் வரும். இந்தப் பைகளே இமேஜினல் டிஸ்குகள்.

ஒரு புழுவுக்குள் மொத்தம் 19 இருக்கும். ஒன்பது ஜோடி, அதோடு ஜோடியில்லாத பிறப்புறுப்பு வட்டு ஒன்று. கண்ணும் உணர்கொம்பும் ஒரே வட்டிலிருந்து வரும். கால்களுக்கு மூன்று ஜோடி. இறக்கைக்கு ஒரு ஜோடி. பின்னிறக்கை இருக்க வேண்டிய இடத்தில் ஈக்கு ஹால்டியர் என்ற குமிழ் போன்ற சமநிலை உறுப்பு உண்டல்லவா, அதற்கு ஒரு ஜோடி. மிச்சமுள்ள மூன்று ஜோடியும் வாய்ப்பகுதிக்கும் மார்பின் முன்பகுதிக்கும் போய்விடும்.

இறக்கை வட்டு சுமார் 30 முதல் 50 செல்களோடு தொடங்குகிறது. நான்கே நாளில் அது 30,000 முதல் 50,000 செல்கள் வரை பெருகிவிடும். புழுவின் மற்ற திசுக்கள் வளரும் விதமே வேறு. அங்கே செல்கள் பெரும்பாலும் பிரிவதில்லை. டிஎன்ஏவை மட்டும் திரும்பத் திரும்பப் பிரதியெடுத்து ஊதிப் பெருக்கின்றன. எச்சில் சுரப்பிச் செல் ஒன்றில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பிரதிகள் இருக்கும். பாடப்புத்தகத்தில் வரும் பட்டை பட்டையான ராட்சதக் குரோமோசோம் படம் அங்கிருந்து வந்ததுதான். வட்டின் செல்களோ சிறியவை, வழக்கமான இரண்டு பிரதிகளே கொண்டவை, ஓயாமல் பிரிபவை. ஒரே தோலுக்குள் இரண்டு வகைக் குடித்தனம் நடக்கிறது. மற்றதெல்லாம் மறந்தாலும் இந்த வித்தியாசத்தை நினைவில் வையுங்கள். ஆய்வுக் கட்டுரையில் ‘லார்வா திசு’, ‘இமேஜினல் திசு’ என்று எதிரெதிராக வரும்போதெல்லாம் இதைத்தான் குறிக்கிறார்கள்.

நேரில் பார்த்தால் எப்படி இருக்கும்? புழுப் பருவத்தின் மூன்றாவது, கடைசிக் கட்டத்தின் முடிவில் புழு தீனியை விட்டுக் குப்பியின் சுவரில் ஏறத் தொடங்கும். அப்போது எடுக்க வேண்டும். உப்புக் கரைசல் ஒரு துளி, இரண்டு கூர் இடுக்கிகள், கீழே வெளிச்சம் உள்ள நுண்ணோக்கி. புழுவை நடுவில் இரண்டாகக் கிழித்து, முன்பாதியின் வாய்க்கொக்கியை ஓர் இடுக்கி முனையால் உள்ளே தள்ளிக்கொண்டே, தலையணை உறையைத் திருப்புவதுபோல் மொத்தத்தையும் உள்வெளியாகத் திருப்பிவிட வேண்டும். வெள்ளை வெள்ளையாக மிதப்பது கொழுப்புத் திசு. அதை ஒதுக்கினால் வெள்ளிக் கம்பி போல் மின்னும் மூச்சுக்குழல் தெரியும். அதில் பேரிக்காய் வடிவில், அரை மில்லிமீட்டர்கூட இல்லாமல், கண்ணாடி போன்று ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். அதுதான் இறக்கை வட்டு. பக்கத்திலேயே ஹால்டியர் வட்டும் மூன்றாம் கால் வட்டும் ஒரு கொத்தாக இருக்கும். முதல் மாதம் முழுக்க நான் கொழுப்புத் துணுக்குகளை வட்டு என்று நினைத்துச் சேகரித்துக்கொண்டிருந்தேன். வட்டில் மெல்லிய மடிப்புக் கோடுகள் இருக்கும், கொழுப்பில் இருக்காது. அதை யாரும் முதலில் சொல்லித் தரவில்லை.

‘டிஸ்க்’ என்ற பெயரும் கொஞ்சம் ஏமாற்றுவதுதான். அது தட்டையான தகடு இல்லை, காற்றிறங்கிய பை. பையின் ஒரு சுவர் உயரமான செல்கள் நெருக்கியடித்து நிற்கும் தடித்த படலம். உறுப்பாக மாறுவது இதுதான். எதிர்ச்சுவர் பெரிபோடியல் சவ்வு என்ற மெல்லிய படலம். கால் வட்டை மேலிருந்து பார்த்தால் வளையத்துக்குள் வளையமாகத் தெரியும். பயணத்துக்குக் கொண்டுபோகும் மடக்கு டம்ளரை நினைத்துக்கொள்ளுங்கள். அமுக்கி வைத்தால் தட்டையான வளையங்கள், இழுத்தால் நீண்ட குவளை. நடுவளையம் காலின் நுனியிலுள்ள நகமாகும். வெளிவளையம் உடம்போடு சேரும் மேல்பகுதியாகும். கூட்டுப்புழுப் பருவம் தொடங்கிய சில மணி நேரத்தில் இந்த டம்ளர் வெளியே இழுபட்டுக் காலாக நீள்கிறது.

இழுத்துவிடுவது எக்டைசோன் என்ற ஹார்மோன். இதைப் படிகமாகப் பிரித்தெடுத்தவர்கள் ஜெர்மனியின் பூடநாண்டும் கார்ல்சனும். 1954-ல் அவர்கள் 500 கிலோ பட்டுக் கூட்டுப்புழுக்களை அரைத்து, கடைசியில் கையில் வாங்கியது 25 மில்லிகிராம்.

புழுவுக்குள் பூச்சியின் உறுப்புகள் இருப்பதை முதலில் காட்டியவர்களில் ஆம்ஸ்டர்டாமின் யான் ஸ்வம்மர்டம் முக்கியமானவர். 1660-களின் இறுதியில் டஸ்கனி இளவரசர் கோசிமோ டி மெடிச்சியின் முன்னால் ஒரு கம்பளிப்புழுவின் தோலை உரித்து, உள்ளே சுருண்டிருந்த இறக்கைகளைக் காட்டினார். புழு செத்து, அந்தச் சேற்றிலிருந்து வேறோர் உயிர் பிறக்கிறது என்று நம்பியவர்கள் நிறைந்த காலம் அது. ‘இமேஜினல்ஷைபன்’ என்ற ஜெர்மன் பெயரோடு இவற்றை ஈக்களில் விரிவாக விவரித்தவர் ஆகஸ்ட் வைஸ்மன், 1864-ல். பிற்பாடு மரபணுவியலுக்கு அடிப்படை போட்ட அதே வைஸ்மன்தான். இந்த நுணுக்க வேலையைச் செய்த கண்கள் பழுதாகி, அவர் நுண்ணோக்கியை விட்டுக் கோட்பாட்டுப் பக்கம் திரும்ப வேண்டி வந்தது.

இந்தச் சொல் வளர்ச்சி உயிரியலின் மையத்துக்கு வந்ததற்குக் காரணம், ஜூரிச்சில் எர்ன்ஸ்ட் ஹாடோர்ன் செய்த சோதனைகள். வட்டின் ஒரு துண்டை வெட்டி, வளர்ந்த பெண் ஈயின் வயிற்றுக்குள் வைத்தார். வளர்ந்த ஈயில் உருமாற்றத்தைத் தூண்டும் அளவுக்கு எக்டைசோன் எழும்புவதில்லை. எனவே துண்டு உறுப்பாக மாறாமல் வெறுமனே பெருகிக்கொண்டே இருந்தது. அதை எடுத்து, மறுபடி வெட்டி, அடுத்த ஈக்குள் வைத்தார். இப்படியே ஆண்டுக்கணக்கில். இடையிடையே ஒரு துண்டை மட்டும் கூட்டுப்புழுவாகப் போகும் லார்வாவுக்குள் வைத்து, என்ன வருகிறது என்று பார்த்தார். கால் வட்டின் வாரிசு காலாகவே வந்தது. எத்தனையோ தலைமுறை செல்கள் கடந்தும், எதுவாகவும் ஆகாமலே இருந்தும், தான் எதுவாக வேண்டும் என்பது அவற்றுக்கு மறக்கவில்லை. வளர்ச்சி உயிரியலில் ‘டிட்டர்மினேஷன்’ வேறு, ‘டிஃபரன்ஷியேஷன்’ வேறு என்று மாணவர்கள் மனப்பாடம் செய்கிறார்களே, அந்த வேறுபாட்டைக் கண்ணுக்கு முன்னால் காட்ட இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரிந்து இல்லை. முன்னது விதி எழுதப்படுவது; பின்னது அதன்படி உறுப்பாக உருவெடுப்பது. வட்டு இந்த இரண்டுக்கும் நடுவே நாட்கணக்கில் காத்துக்கிடக்கிறது.

ஆனால் அபூர்வமாக விதி மாறியும் போனது. பிறப்புறுப்பு வட்டின் துண்டிலிருந்து உணர்கொம்பும் காலும் வந்தன. அவற்றின் வாரிசுகளில் இறக்கையும் வந்தது. இதற்கு ‘டிரான்ஸ்டிட்டர்மினேஷன்’ என்று ஹாடோர்ன் பெயர் வைத்தார். ஒரு வட்டு எதுவாக வேண்டும் என்பதைச் சில தலைமை மரபணுக்கள் தீர்மானிக்கின்றன என்பது பின்னால் தெரிந்தது. ஹாடோர்னிடம் பயின்ற வால்டர் கெரிங்கின் பாசல் ஆய்வகம் 1995-ல், கண்ணுக்குரிய ‘ஐலெஸ்’ மரபணுவைக் கால் வட்டிலும் இறக்கை வட்டிலும் இயங்க வைத்தது. ஈயின் காலிலும் இறக்கையிலும் சிவப்புக் கண்கள் முளைத்தன. அமெரிக்க மரபணுவியலாளர் எட்வர்ட் லூயிஸ் உருவாக்கிய நான்கு இறக்கை ஈயும் இதே கணக்குதான். ஹால்டியர் ஆக வேண்டிய வட்டு இறக்கை வட்டாக நடந்துகொண்டதன் விளைவு.

வட்டு வாய்மூடிக் காத்திருக்கும் பை என்றும் நினைத்துவிட வேண்டாம். அதைக் காயப்படுத்தினால் புழு கூட்டுப்புழுவாவதைத் தள்ளிப்போடும். ‘இன்னும் தயாராகவில்லை, பொறு’ என்று வட்டு அனுப்பும் செய்தி டில்ப்8 என்ற புரதம் என்பதை 2012-ல் இரண்டு குழுக்கள் தனித்தனியாகக் கண்டுபிடித்தன.

இப்போது பயன்பாடு. தேர்வில் மதிப்பெண் போவது இங்கேதான்.

முதிர்பூச்சியின் உறுப்பு எல்லாமே வட்டிலிருந்து வருவதில்லை. ஈயின் வயிற்றுத் தோல் ஹிஸ்டோபிளாஸ்ட் என்ற சிறு செல்கூட்டங்களிலிருந்து வருகிறது. அவை பையாக மடங்குவதில்லை, லார்வாத் தோலிலேயே பதிந்திருக்கும். கூட்டுப்புழுப் பருவம் வரை பிரிவதும் இல்லை. அவற்றை டிஸ்க் என்று எழுதக் கூடாது. குடலிலும் எச்சில் சுரப்பியிலும் இருப்பவை ‘இமேஜினல் செல்கள்’ அல்லது ‘இமேஜினல் வளையம்’. ஆக ‘இமேஜினல்’ என்பது பெரிய வட்டம், ‘இமேஜினல் டிஸ்க்’ அதற்குள் ஒரு பகுதி. கருவில் செல்கள் ஒதுக்கப்பட்டு இன்னும் பையாகாத நிலையில் ‘பிரைமார்டியம்’ என்பார்கள். பையான பிறகே டிஸ்க். நாள்தோறும் பேசுகிறவர்கள் ‘இமேஜினல்’ என்பதையே விட்டுவிட்டு ‘விங் டிஸ்க்’, ‘ஐ டிஸ்க்’ என்றுதான் சொல்வார்கள்.

இன்னொரு பொறி: எல்லாப் பூச்சிக்கும் இது கிடையாது. கரப்பான், வெட்டுக்கிளி, தட்டான் இவற்றுக்கெல்லாம் புழுப் பருவமே இல்லை. குஞ்சின் முதுகில் இறக்கை மொட்டு வெளியிலேயே தெரியும், ஒவ்வொரு தோலுரிப்பிலும் பெரிதாகும். மழைக்குப் பின் விளக்கைச் சுற்றும் ஈசலும் இந்த வகைதான். முழு உருமாற்றம் உள்ள பூச்சிகளிலும் ஈயை மாதிரி எல்லாவற்றையும் தொடக்கத்திலேயே ஒதுக்கி வைப்பவை குறைவு. வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சிப் புழுக்களில் இறக்கை வட்டுகள் முன்கூட்டியே இருக்கும். கால், கண், உணர்கொம்புக்கான செல்கள் பெரும்பாலும் லார்வாத் தோலின் பகுதியாகவே இருந்து, கடைசிக் காலத்தில்தான் தனியே வேலையைத் தொடங்கும். பூச்சிகளுக்கு வெளியேயும் சொல் போயிருக்கிறது. நெமர்டியன் எனப்படும், நாடா போல் நீண்ட கடல்புழுக்களின் பிலிடியம் என்ற லார்வாவுக்குள் முதிர்ந்த உடலை உருவாக்கும் பைகளையும் இமேஜினல் டிஸ்க் என்றே அழைக்கிறார்கள்.

சரி, அந்த வாட்ஸ்அப் கதை. கூட்டுக்குள் கம்பளிப்புழு கூழாகக் கரைந்துபோகிறதாம். அதில் ‘இமேஜினல் செல்கள்’ தோன்றுகின்றனவாம். புழுவின் எதிர்ப்பாற்றல் அவற்றை அந்நியர் என்று எண்ணித் தாக்குகிறதாம். அவை தோற்காமல் கூட்டம் சேர்ந்து கடைசியில் ஜெயித்து வண்ணத்துப்பூச்சி ஆகின்றனவாம். மேடைக்கு நல்ல கதை. ஆனால் அந்தச் செல்கள் அந்நியமும் அல்ல, கூட்டுக்குள் புதிதாய்த் தோன்றியவையும் அல்ல. புழுவின் அதே மரபணுக்களோடு புழு பிறந்ததிலிருந்தே உடனிருப்பவை. ரத்தச் செல்கள் உருமாற்றத்தின்போது சாப்பிடுவது செத்துக்கொண்டிருக்கும் லார்வாத் திசுவைத்தான். போர் நடப்பதாகச் சொன்னால்கூட, தாக்கப்படுவது பழையது. முழுக்கக் கூழாவதும் உண்மையில்லை. 2013-ல் உயிருள்ள கூட்டுப்புழுவை எக்ஸ்ரேயால் உள்ளே படமெடுக்கும் மைக்ரோ சிடி கருவியில் வைத்துப் பார்த்தபோது மூச்சுக்குழல்கள் ஒழுங்காகத் தெரிந்தன. 2008-ல் புகையிலைக் கொம்புப்புழுவை ஒரு வாசனையை வெறுக்கப் பழக்கினார்கள். அந்துப்பூச்சியான பிறகும் அது அந்த வாசனையிலிருந்து விலகியது. மூளை கரைந்திருந்தால் அந்த நினைவு எங்கே தங்கியிருக்கும்?

நம்மூரிலும் இதற்கு ஒரு மூத்த கதை உண்டு. குளவி கொட்டக் கொட்டப் புழு குளவியாகும் என்பது. குரு சீடனைத் தன்னைப் போலவே ஆக்குவதற்கு உவமையாகச் சொல்வார்கள். சுவரில் மண்கூடு கட்டும் குளவி பச்சைப்புழுவைக் கொட்டி மயக்கி உள்ளே இழுத்துப் போட்டு அடைக்கிறது. சில வாரம் கழித்துக் குளவி வெளியே வருகிறது. பார்த்தவர்கள் பார்த்ததைத்தான் சொன்னார்கள். உள்ளே ஒரு முட்டையும் இருந்தது, அந்தப் பச்சைப்புழு குளவிக்குஞ்சுக்குத் தீனி என்பது மட்டும் கண்ணில் படவில்லை. அந்தக் குஞ்சுக்குக் காலே கிடையாது. கால் வட்டும் இறக்கை வட்டும் தோலுக்குள்ளே இருக்கும்.

எனக்குப் பிடித்த விஷயம் ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். எறும்புகளில் ராணிக்கு இறக்கை உண்டு. வேலைக்காரிகளுக்கும் சிப்பாய்களுக்கும் இல்லை. ஆனால் ஃபெய்டோல் இனத்தில் சிப்பாய் ஆகப்போகும் புழுவுக்குள் இறக்கை வட்டு வளர்கிறது, பிறகு அழிகிறது. வீண் மிச்சம் என்றுதான் எண்ணியிருந்தார்கள். 2018-ல் மெக்கில் பல்கலைக்கழகக் குழு அந்த வட்டைச் சிதைத்துப் பார்த்தது. சிப்பாய்க்குரிய பெரிய தலையும் உடம்பும் ஒழுங்காக வளரவில்லை. இறக்கையே ஆகாத இறக்கை வட்டு தலையின் அளவைக் கட்டுப்படுத்திக்கொண்டிருந்திருக்கிறது. இப்படிப்பட்டதைக் கட்டுரைகளில் ‘ருடிமென்டரி விங் டிஸ்க்’ என்று குறிப்பார்கள். ‘குறைவளர்ச்சி இறக்கை வட்டு’ என்று தமிழில் எழுதலாம்.

தமிழில் மூலச் சொல்லுக்கு என்ன போடுவது? நான் எழுதும்போது ‘முதிருரு வட்டு’ என்று போடுகிறேன். முதலில் வரும் இடத்தில் இமேஜினல் டிஸ்க் என்பதையும் பக்கத்தில் தமிழெழுத்தில் எழுதிவிடுவேன். இமாகோவில் உள்ள ‘உரு’வும் வருகிறது, முதிர்பூச்சிக்குரியது என்பதும் விளங்குகிறது. ‘வட்டு’ பைக்குப் பொருந்தாதுதான். ஆனால் வைஸ்மனே தட்டு என்றுதான் பெயர் வைத்தார், அதை நாம் திருத்த வேண்டியதில்லை. உறுப்பைக் குறிக்கும்போது ‘இறக்கை வட்டு’, ‘கால் வட்டு’ என்றாலே போதும். உங்கள் பாடக்குறிப்பில் ‘கற்பனை’ வரும் இடமெல்லாம் பேனாவால் அடித்துவிட்டு மேலே ‘முதிருரு’ என்று எழுதிக்கொள்ளுங்கள். மற்ற வாக்கியங்கள் அப்படியே பொருந்தி நிற்கிறதா என்று மட்டும் ஒருமுறை படித்துப் பாருங்கள். ‘கற்பனை’ என்று நம்பியே விளக்கமும் எழுதியிருந்தால் அந்தப் பத்தியையும் அடிக்க வேண்டியிருக்கும்.